மலைமேல் ஒரு பச்சைக் கோடு

ஆயுத பூஜை நெருங்கிவிட்ட சமயத்தில் பாண்டீஸ்வரன் பெங்களூர் பஸ் ஏறக் கிளம்பினான். கிளம்பும்போது தன் அக்கா பவுனுவிடம் ஒரே ஒரு காரியத்தைத்தான் ஒப்படைத்தான்.

"யக்கா, கரண்டு போச்சுன்னா இந்தச் சுவிச்ச இப்பிடித் தட்டிவிடணும். பேட்டரில ஓடும். கரண்டு வந்துருச்சுன்னா மறுபடி இங்கிட்டுத் தட்டணும். அம்புட்டுத்தேன். பெட்டிக்குள்ள பல்பு மட்டும் அணையக் கூடாது."

"அணைஞ்சா என்னய்யா ஆகும்?"

"சொன்னா ஒனக்குப் புரியாது. அணையக் கூடாது."

பவுனு தலையை ஆட்டிக்கொண்டாள். கோழிக்குஞ்சுகளைக் கூடையில் போட்டு மேலே பல்பைத் தொங்கவிட்டு வளர்த்தவள் அவள். அதுமாதிரி இதுவும் ஏதோ கதகதப்பு கேட்கிற வஸ்து என்று எடுத்துக்கொண்டாள்.

'சொன்னா ஒனக்குப் புரியாது' என்பது பாண்டீஸ்வரனுக்கு வெற்றிலை மாதிரி. எந்நேரமும் வாயிலேயே கிடக்கும். வேண்டும்போது மென்று துப்பிவிட்டுப் போய்க்கொண்டே இருப்பான். கெட்ட பிள்ளை என்று சொல்லிவிட முடியாது. அக்கா மேல் உயிரையே வைத்திருந்தான். ஆனால் அனுமந்தன்பட்டியில் தான் செய்கிற வேலையை விளங்கிக்கொள்ள ஓர் ஆள் கிடையாது என்று எப்போதோ முடிவு கட்டிவிட்டான். அப்படி முடிவு கட்டியவனுக்கு விளக்கிச் சொல்கிற வேலை மிச்சம்தானே.

பவுனு ஐம்பதைத் தாண்டியவள். கட்டிய கொஞ்ச நாளிலேயே புருஷனைப் பறிகொடுத்துவிட்டுப் பிறந்த வீட்டுக்கே வந்தவள். அப்பன் விட்டுப்போன பன்னீர் திராட்சைத் தோட்டத்தை ஒண்டியாளாகப் பார்த்து, தம்பியைப் படிக்க வைத்தாள். தம்பி பெங்களூரில் ஓர் ஆய்வுக்கூடத்தில் வேலைக்குச் சேர்ந்து, அங்கிருந்து ஒரு போட்டோ அனுப்பினான். வெள்ளைக் கோட்டு போட்டு, நெற்றியில் குங்குமத்தோடு, மாலை சாத்திய ஒரு நீள இயந்திரத்துக்குப் பக்கத்தில் சிரித்துக்கொண்டு நிற்கிற போட்டோ. ஆய்வுக்கூடத்து ஆயுத பூஜையில் எடுத்தது. அதைக் கண்ணாடி போட்டு, வீரபாண்டி கௌமாரியம்மன் படத்துக்குப் பக்கத்திலேயே மாட்டிவைத்தாள். அம்மனுக்குக் காட்டுகிற சூடம் தினமும் தம்பிக்கும் ஒரு சுற்று வரும்.

அந்த ஆய்வுக்கூடத்தில் பாண்டீஸ்வரனும் அவன் கூட்டாளிகளும் செய்துவந்தது விமானிகளுக்கான ஒரு கண்ணாடி. குமுளி மலைப்பாதையில் பஸ் ஓட்டுகிறவர் குனிந்து மீட்டரைப் பார்த்துவிட்டு நிமிர்வதற்குள் கொண்டை ஊசி வளைவு வந்துவிடும். போர் விமானம் ஓட்டுகிறவன் குனிந்து நிமிர்வதற்குள் மலையே வந்துவிடும். ஆகவே அவன் குனியவே கூடாது. அதற்காக அவன் முகத்துக்கு நேரே சாய்வாக ஒரு கண்ணாடியை நிறுத்துவார்கள். உயரம், வேகம், திசை எல்லாவற்றையும் பச்சை வெளிச்சத்தில் எழுதி, கீழேயிருந்து ஒரு கருவி அதன்மேல் அனுப்பும். கண்ணாடி அந்தப் பச்சையை மட்டும் பிடித்து அவன் கண்ணுக்குத் திருப்பிவிடும். மற்ற வெளிச்சத்தை எல்லாம் மறிக்காமல் விட்டுவிடும். எழுத்துகள் கண்ணாடியில் இருப்பதாகவே தெரியாது. தூரத்தில், மலைக்கும் மேகத்துக்கும் பக்கத்தில் நிற்பதாகத் தெரியும்.

இந்த வித்தையைச் செய்வது கண்ணாடி அல்ல, அதன் ஒரு பக்கம் பூசிய மெல்லிய ஜெலட்டின் படலம். மாத்திரைக் கூடு செய்கிற அதே ஜெலட்டின்தான். லேசர் ஒளியைக் கொண்டு அதற்குள் கண்ணுக்குத் தெரியாத அடுக்குகளைப் பதிக்க வேண்டும். ஹோலோகிராம் என்பது அதுதான். பதிந்துவிட்டால் அது செய்கிற வேலை அதிசயம். ஆனால் ரொம்பக் கூச்ச சுபாவம். விமானியின் தலை இருக்க வேண்டிய இடத்தில் இருந்து பார்த்தால் மட்டுமே எழுத்து தெரியும். ஒரு சாண் தள்ளி உட்கார்ந்தவனுக்கு வெறும் கண்ணாடிதான். அப்புறம், ஈரம் அதற்கு எமன். மேலே இன்னொரு மூடு கண்ணாடியை ஒட்டி அடைக்கிற வரை மழைக்காற்றில் வைத்தால்கூடப் பதிந்தது மங்கிப் போகும்.

பெங்களூரில் மேலே இருந்தவர்கள் ஒருநாள், இதையெல்லாம் நாமே செய்ய வேண்டாம், வெளிநாட்டில் வாங்கிக்கொள்ளலாம் என்று சொல்லி அந்தப் பிரிவையே இழுத்து மூடினார்கள். மற்றவர்கள் வேறு வேறு வேலைக்குப் போனார்கள். பாண்டீஸ்வரன் போகவில்லை. கழித்துக்கட்டிய லேசர் ஒன்றையும் கொஞ்சம் சாமான்களையும் கேட்டு வாங்கிக்கொண்டு ஊருக்கு வந்து, தோட்டத்தில் திராட்சையைப் பெட்டி போடுகிற ஷெட்டைக் காலி பண்ணிக் கேட்டான். பவுனு ஒரு வார்த்தை மறுக்கவில்லை. பழத்தைப் பந்தலடியிலேயே தார்ப்பாய் விரித்துத் தரம் பிரித்துக்கொண்டாள்.

அதற்கப்புறம் நடந்தது நாய் படாத பாடு. ஹோலோகிராம் பதியும்போது ஒரு தலைமுடி அளவுகூட அதிர்வு இருக்கக் கூடாது. லாரி டியூபுகளில் காற்றடித்து, அதன்மேல் கருங்கல் பலகையைப் போட்டு, அதன்மேல் எல்லாவற்றையும் வைத்தான். அப்படியும் பக்கத்துத் தோட்டத்து மோட்டார் ஓடினால் போச்சு. மருந்தடிக்கிற எந்திரம் ஓடினால் போச்சு. வருஷக் கணக்கில் தட்டுத் தட்டாகக் கண்ணாடி கெட்டுப்போனது. ஊரில், "பவுனு தம்பிக்கு மண்டைக்குச் சொகமில்ல, ஷெட்டுக்குள்ள உக்காந்து வெறுங் கண்ணாடியப் பாத்துக்கிட்டிருக்கான்" என்று பேச்சு கிளம்பிவிட்டது. பொண்ணு கொடுக்க வந்தவர்களும் பாதி வழியில் திரும்பிப் போனார்கள்.

இரண்டாயிரத்து எட்டாம் வருஷம் சித்திரையில் வீரபாண்டித் திருவிழா வந்தது. சுற்றுவட்டாரத் தோட்டங்களில் ஒரு ஆள் இல்லை. அத்தனை சனமும் அக்கினிச் சட்டியும் ஆயிரங்கண் பானையுமாக வீரபாண்டிக்குப் போய்விட்டது. மோட்டார் ஓடவில்லை, டிராக்டர் ஓடவில்லை, பள்ளத்தாக்கே மூச்சைப் பிடித்துக்கொண்டிருப்பது போல் கிடந்தது. அந்த அமைதியில்தான் ஒரு தட்டு பதிந்தது. பாண்டீஸ்வரன் அதை ரசாயனத்தில் கழுவி, உலர்த்தி, சட்டத்தில் நிறுத்தி, நாற்காலியில் உட்கார்ந்து கிழக்கு ஜன்னல் வழியாக மேகமலையைப் பார்த்தான். மலைமுகட்டின் மேல், யாரோ அளந்து வைத்தாற்போல், ஒரு பச்சைக் கோடு படுத்திருந்தது. பக்கத்தில் பச்சை எண்கள்.

"யக்கா! பச்சக்கோடு மலைமேல உக்காந்துருச்சுக்கா!" என்று பந்தலைப் பார்த்துக் கத்தினான்.

பவுனு போட்டது போட்டபடி ஓடி வந்தாள். "எங்கய்யா? நானும் பாக்குறேன்."

"இப்ப வேணாம். நாற்காலிய அசைச்சா எல்லாம் போயிரும். பொறவு காட்டுறேன்."

பவுனு கதவடியிலேயே நின்று, கண்ணாடி இருந்த திசையைப் பார்த்துக் கும்பிட்டாள். அது கௌமாரியம்மன் கொடுத்தது என்பதில் அவளுக்குச் சந்தேகமே இல்லை. காட்டுகிறேன் என்று சொன்னவன் மறந்துபோனான். கேட்டவளும் கூச்சப்பட்டு மறுபடி கேட்கவில்லை.

அதற்கடுத்து லேசர் உயிரை விட்டது. அதன் குழாயை மாற்ற இனி வழியில்லை என்றாகிவிட்டது. ஆக உலகத்தில் பாண்டீஸ்வரனிடம் இருந்தது அந்த ஒரு தட்டுதான். அது இருந்தால் அவன் இத்தனை காலம் பட்டதெல்லாம் நிஜம். இல்லையென்றால் ஊர் சொன்னதுதான் நிஜம். மூடிய அந்தப் பிரிவுக்குத் தலைவராக இருந்த ஞானசிகாமணிக்கு அதன் போட்டோக்களை அனுப்பினான். போட்டோவை வைத்துக் கமிட்டியில் பேச முடியாது, நானே ஒரு விமானியை அழைத்துக்கொண்டு வருகிறேன், அவர் உட்கார்ந்து பார்த்துச் சொல்லட்டும், வெளிநாட்டு ஆர்டரில் கையெழுத்தாகிறதுக்கு முன்னால் இதுதான் கடைசி வாய்ப்பு என்று அவர் சொன்னார். விஜயதசமிக்கு மறுநாள் வருவதாக ஏற்பாடு.

மூடு கண்ணாடியை மட்டும் இன்னும் ஒட்டவில்லை. முதலில் வந்தது வளைவு சரியில்லாமல் திரும்பப் போய், பெங்களூரில் மறுபடி தேய்த்து வைத்திருந்தார்கள். அதை நேரில் போய் வாங்கிவரத்தான் அவன் கிளம்பினான். அதுவரை தட்டைக் காப்பாற்ற ஒரு மரப்பெட்டி, பெட்டிக்குள் ஒரு குண்டு பல்பு. அந்தச் சூட்டில் உள்ளே ஈரம் அண்டாது. வெளியே ஐப்பசி மழை முன்கூட்டியே இறங்கியிருந்தது. கரண்டு சொல்லிக்கொண்டும் போனது, சொல்லாமலும் போனது. பாண்டீஸ்வரனுக்கு இருந்த பயமெல்லாம் அந்த மழை மேலும் கரண்டு மேலும்தான்.

திரும்பி வரும் வழியில் திண்டுக்கல்லில் பஸ் நின்றபோது வீட்டுக்குப் போன் போட்டான்.

"பல்பு எரியுதா?"

"அணையவே இல்லய்யா. ரெண்டு நாளா பெட்டி பக்கத்துலயேதேன் படுக்க. கரண்டு போன மறுநிமிசம் சுவிச்சத் தட்டிட்டேன். நீ பைய வா, ஒண்ணும் பதறாத."

பாண்டீஸ்வரனுக்கு நிம்மதியாயிற்று. மூடு கண்ணாடியை ஸ்வெட்டரில் சுற்றி, பிள்ளையை வைத்திருப்பது மாதிரி மடியில் வைத்துக்கொண்டு வந்தான். வழியெல்லாம் ஆயுத பூஜை. எதிரே வருகிற லாரிகள் முகப்பில் வாழைக்கன்று கட்டிக்கொண்டு வந்தன. சின்னமனூரில் ஒர்க்ஷாப் வாசலில் உடைத்த பூசணிக்காயின் மேல் பஸ் ஏறி இறங்கியது. நாளைக்கு ஒட்டிவிட்டால் முடிந்தது, அப்புறம் மழை என்ன, ஆற்றுத் தண்ணீரே வந்தாலும் கவலையில்லை என்று நினைத்துக்கொண்டான். எத்தனையோ காலம் கழித்து அன்றைக்குத்தான் அவன் வாய் ஒரு பாட்டை முணுமுணுத்தது.

பொழுது இறங்குகிற நேரம் தோட்டத்துக்கு வந்து சேர்ந்தான். பவுனு தலைக்குக் குளித்து, மஞ்சள் சேலை கட்டி, வாசலில் நின்றாள். வந்ததும் வராததுமாக அவன் நெற்றியில் திருநீறு பூசி, கை நிறையப் பொரிகடலையைக் கொடுத்தாள். மோட்டார் ரூம் கதவில் சந்தனம். மண்வெட்டி, அரிவாள், மருந்தடிக்கிற டேங்கு, அவளுடைய பழைய மொபெட் எல்லாம் கழுவித் துடைத்துப் பொட்டு வைத்துக்கொண்டு வரிசையாக நின்றன.

"ஒன் ஷெட்டுலயும் சாமி கும்பிட்டேன்யா" என்றாள் பவுனு. "வந்து பாரு."

அப்போதும் அவனுக்கு உறைக்கவில்லை. கதவு நிலையில் பொட்டு வைத்திருப்பாள் என்றுதான் நினைத்தான். உள்ளே போனான். பெட்டிக்குள் பல்பு எரிந்துகொண்டிருந்தது. பெட்டியின் தலையில் ஒரு முழம் செவ்வந்தி. மூடியைத் திறந்தான். சட்டத்தில் நின்ற கண்ணாடியில் மூன்று பட்டை திருநீறு, நடுவில் சந்தனம், அதன்மேல் குங்குமம்.

மூடு கண்ணாடியை மேஜையில் வைத்தான். கையைத் துடைத்துக்கொண்டு, தட்டின் ஓரத்தைப் பிடித்துத் தூக்கி, பல்பு வெளிச்சத்தில் சாய்த்தான். படலம் இருந்தால் சாய்க்கும்போது மயில்கழுத்துப் பச்சை ஒன்று ஓடும். ஓடவில்லை. இந்தப் பக்கம் சாய்த்தான், அந்தப் பக்கம் சாய்த்தான். ஜன்னலுக்குப் போடுகிற கண்ணாடி மாதிரி இருந்தது.

"கழுவுனியாக்கா?"

"பின்ன? கழுவாமப் பொட்டு வைப்பாகளா?" பவுனுவுக்கு முகமெல்லாம் சிரிப்பு. "ஒன் கண்ணாடியாச்சே, எம்புட்டு பயந்து பயந்து கழுவுனேன் தெரியுமா? பல்புச் சூட்டுல இருக்கு, பச்சத்தண்ணிய ஊத்துனா அரிக்கேன் சிம்னி மாதிரி வெடிச்சுரும்ல? அதேன் வெந்நி வச்சு, பதமா ஆத்தி, வடிகட்டி ஊத்துனேன். வெரல் ரேகை படக்கூடாதும்பயே, அதுக்காகப் புது வேட்டியக் கிழிச்சு அதுலதேன் தொடச்சேன். தொடைக்கிற நேரங்கூட அதுக்குச் சூடு குறையாம பல்புகிட்டயே வச்சுக்கிட்டேன்."

அவன் தட்டை மெல்லச் சட்டத்தில் நிறுத்தினான்.

"ஒரு பக்கம் பாசி மாதிரி வழுவழுன்னு அழுக்குய்யா. நீ கவனிக்கல போல. சொரண்டுனா கீறல் விழும்னு, வெந்நில ஊறப் போட்டு ஊறப் போட்டு எடுத்தேன். சுத்தமா வந்துருச்சு."

அடிப் பாவி என்று பாண்டீஸ்வரனுக்கு வாய் வரை வந்துவிட்டது. மேஜையில் இருந்த மூடு கண்ணாடியை எடுத்துச் சுவரில் அடிக்கக் கை பரபரத்தது. சொந்த அக்காளைக் கழுத்தைப் பிடித்து நெரித்தால் என்ன என்றுகூட ஒரு கணம் தோன்றியது, அப்படித் தோன்றியது நிஜம். அவன் அவளைப் பார்த்தான். ஈரத்தலையில் துண்டோடு, பள்ளிக்கூடத்தில் பரிசு வாங்க நிற்கிற பிள்ளை மாதிரி, அவன் வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"ஏன்க்கா இதையெல்லாம் செஞ்ச?" என்று மட்டும் கேட்டான்.

"என்னய்யா இப்பிடிக் கேக்குற? பெங்களூர்ல நீ செய்யலயா? போட்டோவுல மாலையும் பொட்டுமா நிக்கிறயே. அங்கன அம்புட்டுப் படிச்ச சனம் கும்பிடுறப்ப, அம்மன் கொடுத்த பொருள இங்கன கும்பிடாம விட்டா அடுக்குமா? நாளக்கழிச்சுப் பெரியவுக வேற வாராக."

அந்தப் போட்டோவில் பொட்டு வைத்தது லேசரின் இரும்புக் கூட்டில். கண்ணாடிகளை அன்றைக்கு உள்ளறையில் வைத்துப் பூட்டியிருந்தார்கள். பூட்டியது இவன்தான். ஆனால் அதைப் போட்டோ சொல்லுமா? தண்ணி படக் கூடாது. அம்புட்டுத்தான் சொல்லியிருக்க வேண்டியது. பல்பு அணையக் கூடாது என்று சொன்ன வாயால் இதையும் சொல்லியிருந்தால் பவுனு தட்டுப் பக்கம் ஒரு சொட்டு விழ விட்டிருப்பாளா? மழைக்கே குடை பிடித்திருப்பாள். சொன்னால் புரியாது என்று யாரைச் சொன்னான்? கோழிக்குஞ்சுக்கும் கண்ணாடிக்கும் அரிக்கேன் சிம்னிக்கும் சூடு என்ன செய்யும் என்று தெரிந்தவளையா சொன்னான்?

"நல்லாருக்குக்கா" என்றான். அவன் குரல் அவனுக்கே யாருடையதோ போலக் கேட்டது.

பவுனு திருப்தியாகப் போய்ச் சோறு போட்டாள். அவன் பிசைந்துகொண்டே உட்கார்ந்திருந்தான்.

மறுநாள் ஞானசிகாமணிக்குப் போன் போட்டான். பெட்டி கட்டியாச்சு பாண்டி, விமானி ஆதித்தனையும் லேசில் பிடிக்க முடியவில்லை, விடிந்தால் மதுரையில் இறங்குகிறோம் என்று அவர் உற்சாகமாகப் பேசினார். வர வேண்டாம் என்று சொல்ல வாய் வரவில்லை. கெட்டுப்போன தட்டை இன்னொரு தரம் கையில் எடுத்து, பொட்டைத் துடைத்துவிட்டுப் பார்த்தான். நேற்று தவறாகப் பார்த்துவிட்டோமோ என்று ஒரு நப்பாசை. செத்த பிணத்தின் மூக்கில் விரல் வைத்துப் பார்க்கிற கதைதான்.

அவர்கள் வந்தார்கள். ஞானசிகாமணி தலை முழுக்க நரைத்திருந்தார். கூட வந்த ஆதித்தன் விமானப் படையில் சோதனை விமானியாக இருந்து ஓய்வு பெற்றவர், அளந்து பேசுகிற மனுஷர். பவுனு இளநீர் வெட்டிக் கொடுத்துவிட்டுக் கதவடியில் போய் நின்றுகொண்டாள். ஆதித்தன் பழக்கப்பட்டவர் மாதிரி நாற்காலியில் உட்கார்ந்து, தலையைச் சரியான இடத்தில் வைத்து, ஜன்னல் வழியே மலையைப் பார்த்தார். பாண்டீஸ்வரன் கீழே இருந்த கருவியைப் போட்டான். அவருக்கு மேகமலை தெரிந்தது, அவ்வளவுதான்.

ஞானசிகாமணி எழுந்து வந்து தட்டின் மேல் குனிந்தார். அவருக்கு ஒரு பார்வை போதும். "படலமே இல்லையே. என்ன பாண்டி இது?"

"நான்தான் சார் தப்புப் பண்ணிட்டேன். மூடு கண்ணாடி ஒட்டறதுக்கு முன்னாடி சுத்தம் பண்ணினேன். தண்ணில கரைஞ்சு போச்சு."

"தண்ணில... நீயா?"

"ஆமா சார்."

"ஜெலட்டின் ரூம் பக்கம் டீ கிளாஸோட வந்தவனை எல்லாம் சட்டையைப் பிடிச்சு வெளியே தள்ளினவன் நீ. நீ தண்ணி ஊத்திக் கழுவினேன்னு சொல்ற. நான் நம்பணும்." ஞானசிகாமணி குரலைத் தாழ்த்திக்கொண்டார். "உண்மையைச் சொல்லு. தட்டு பதிஞ்சுதா, பதியவே இல்லையா? போட்டோல்லாம் கம்ப்யூட்டர்ல செஞ்சதா? கோவிச்சுக்க மாட்டேன். இத்தனை வருஷம் தனியா இருந்தா யாருக்குமே மனசு கொஞ்சம்..."

பாண்டீஸ்வரன் கையை நீட்டிக் கதவடியில் நிற்கிறவளைக் காட்டினால் போதும். மிச்சத்தை அவரே புரிந்துகொள்வார். அவனுடைய பேராவது பிழைக்கும். ஆனால் பவுனுவும் புரிந்துகொள்வாள். அதற்கப்புறம் அவள் உயிரோடு இருப்பாளா என்பதே அவனுக்குச் சந்தேகம்தான். அவன் கையை நீட்டவில்லை.

ஆதித்தன் இதமாகக் கேட்டார். "உங்களைத் தவிர வேற யாராவது பாத்தாங்களா சார்? ஒருத்தர் சொன்னாக்கூட நாங்க கமிட்டியில சொல்லலாம்."

"இல்ல சார். நான் மட்டும்தான்."

"நான் பாத்துருக்கேங்க."

எல்லோரும் திரும்பினார்கள். பவுனு முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு ஒரு எட்டு உள்ளே வந்திருந்தாள். அவளுக்கு விவரம் எதுவும் பிடிபடவில்லை. தன் தம்பியைப் பொய்யன் என்கிறார்கள் என்பது மட்டும் பிடிபட்டது. பிறந்ததிலிருந்து அவனுக்காக எதைத்தான் செய்யவில்லை, ஒரு பொய்தானே.

"வீரபாண்டித் திருவிழா அன்னைக்கு என் ரெண்டு கண்ணால பாத்தேன் சார். மலைமேல பச்சையா ஒரு கோடு. அச்சடிச்ச மாதிரி. அவன் சொல்றது சத்தியம்."

ஆதித்தன் முகம் மலர்ந்தது. "அப்படியா அம்மா? எங்க இருந்து பாத்தீங்க?"

"இந்தா, இங்கன இருந்துதேன்" என்று பவுனு தான் நின்ற கதவடியைக் காட்டினாள். "நல்லாத் தெரிஞ்சுச்சு."

கதவு இருந்தது நாற்காலிக்குப் பத்துப் பதினைந்து அடி தள்ளி, கண்ணாடிக்குப் பக்கவாட்டில். அங்கிருந்து பார்த்தால் தட்டு உயிரோடிருந்த காலத்திலும் ஒன்றும் தெரிந்திருக்காது. அது ஆதித்தனுக்குத் தெரியும், ஞானசிகாமணிக்குத் தெரியும். இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளாமல் இருக்கப் படாத பாடு பட்டார்கள். பாண்டீஸ்வரன் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். தன்னோடு சேர்த்து அக்காவையும் பொய் சொல்லப் பழக்கிவைத்திருக்கிறான் என்று அவர்கள் நினைப்பது அவனுக்குக் கேட்டது.

"சரிங்க அம்மா" என்றார் ஆதித்தன். "ரொம்ப சந்தோஷம்."

காரில் ஏறும்போது ஞானசிகாமணி அவன் தோளைத் தட்டிக்கொடுத்தார். மதுரையில் நல்ல மனநல டாக்டர் ஒருத்தர் இருக்கிறார், என் சிநேகிதர்தான், நம்பரை அனுப்புகிறேன் என்றார். உண்மையான அக்கறையோடுதான் சொன்னார். கார் பந்தல்களுக்கு நடுவே சேற்றுத் தடத்தில் குலுங்கிக்கொண்டு போய், தார்ரோட்டில் ஏறி மறைந்தது.

அவன் ஷெட்டுக்குத் திரும்பிவந்து, தட்டைப் பழையபடி பெட்டிக்குள் வைத்து மூடினான். எதற்கு வைக்கிறோம் என்று அவனுக்கே தெரியவில்லை. கை பழகிய வேலை, கை செய்தது. பவுனு பின்னாலேயே வந்தாள்.

"போய்ட்டாகளா? என்ன சொன்னாக?"

"பாத்துச் சொல்றேன்னாக."

"நான் சொன்னது சரிதானய்யா? ஏதும் மாத்திச் சொல்லலயே?"

"சரிதேன்க்கா."

"ஒரு பேச்சுக்குச் சொன்னேன். நான் எங்கிட்டுப் பாத்தேன், நீ கத்துனதக் கேட்டதுதேன்" என்று சொல்லிச் சிரித்தாள். பிறகு வெட்கத்தோடு நாற்காலியின் முதுகைத் தடவினாள். "வேல முடிஞ்சுருச்சுல்ல. இப்ப ஒருவாட்டி என்னய இதுல உக்கார வையேன். நானும் பாத்துக்கிறேன்."

தட்டை மறுபடி எடுத்துச் சட்டத்தில் நிறுத்தினான். அவளை உட்கார வைத்து, தாடையைத் தொட்டுத் தலையை நேராக்கி, கீழே கருவியைப் போட்டான். கிழக்கே மேகமலை மழை கழுவிவிட்ட தெளிவில் நின்றது. பவுனு இமைக்காமல் பார்த்தாள். கண்ணைக் கசக்கிக்கொண்டு மறுபடி பார்த்தாள்.

"எனக்கு ஒண்ணுந் தெரியலையேய்யா." அவள் குரல் உள்ளே போயிருந்தது. "என் கண்ணு அவிஞ்சு போச்சு போல. அம்புட்டு பாடுபட்டு நீ செஞ்சத பாக்க எனக்குக் கொடுத்து வைக்கல."

பாண்டீஸ்வரன் அவளுக்குப் பின்னால் நின்றான். இல்லக்கா, ஒன் கண்ணு நல்லாத்தேன் இருக்கு என்று சொல்ல முடியவில்லை. சொன்னால் மிச்சத்தையும் சொல்ல வேண்டும். சொன்னால் அவளுக்குப் புரிந்துவிடும்.

"வயசாச்சுல்லக்கா" என்றான்.

அப்போது கரண்டு போனது. கருவி அணைந்தது, பெட்டிக்குள் பல்பும் அணைந்தது. பவுனு நாற்காலியை விட்டுப் பதறி எழுந்தாள். கால் இடறியதையும் பாராமல் ஓடிப்போய்ச் சுவிட்சைத் தட்டினாள். காலியாகக் கிடந்த பெட்டிக்குள் பல்பு எரிந்தது. அவள் சட்டத்திலிருந்து கண்ணாடியை முந்தானையால் பிடித்துப் பையத் தூக்கி, விரல் படாமல் உள்ளே வைத்து, மூடியைச் சாத்தினாள்.

"அணைய விடலய்யா" என்றாள். "சூடு குறையல."